கையெழுத்து ஏன் சுருங்கியது?

"சார், பேங்க்குல இவரு கையெழுத்து இவரோடது இல்லைன்னு சொல்லிட்டாங்க!"

நெய்வேலி இந்திரா நகரிலிருந்து வந்த அந்த அம்மாள், நாற்காலியில் உட்காருவதற்கு முன்பே இதைத்தான் சொன்னார். கூடவே அவர் கணவர். சுரங்கத்தில் ஃபிட்டராக முப்பது வருஷத்துக்கு மேல் வேலை பார்த்து ரிடையர் ஆனவர். மூன்று ஷிஃப்ட்டும் மாறி மாறிப் பார்த்த உடம்பு. வயது 66. பணம் எடுக்கப் போன இடத்தில் பாரத்தைத் திருப்பிக் கொடுத்துவிட்டார்களாம். பழைய கையெழுத்தும் புதுக் கையெழுத்தும் ஒத்துப்போகவில்லை.

ஒரு வெள்ளைத் தாளைக் கொடுத்து, "உங்க பேரும் விலாசமும் எழுதுங்க" என்றேன். முதல் எழுத்து சுண்டைக்காய் அளவு. அடுத்தது மிளகு, அதற்கடுத்தது கடுகு, அப்புறம் ரவை... வரி முடிவதற்குள் எழுத்து என்று சொல்ல ஒன்றுமே இல்லை. எழுதாமல் சும்மா இருந்த இடது கையின் கட்டை விரலும் ஆள்காட்டி விரலும் மாத்திரை உருட்டுவதுபோல மெல்ல உரசிக்கொண்டிருந்தன. முகத்தில் சிரிப்பும் இல்லை, கவலையும் இல்லை.

எங்கள் சித்த மருத்துவத்தில் இதை நடுக்குவாதம், கம்பவாதம் என்போம். 1817-ல் லண்டனைச் சேர்ந்த ஜேம்ஸ் பார்க்கின்சன் என்ற டாக்டர் இதை விவரமாக எழுதியதால், ஆங்கில மருத்துவத்தில் 'பார்க்கின்சன்ஸ்' நோய்.

இங்கே என் தவறு ஒன்றையும் சொல்லிவிட வேண்டும். இரண்டு வருஷத்துக்கு முன்பு இதே மனிதர், "வலது தோள் பிடிச்சுக்கிச்சு, கை பின்னால போகல" என்று என்னிடம் வந்தார். வாதப் பிடிப்பு என்று முடிவு கட்டி, வாதகேசரித் தைலம் கொடுத்து நாலு மாதம் தேய்க்கச் சொன்னேன். தோளைப் பார்த்தேனே தவிர, அவர் நடக்கும்போது அந்தக் கை ஆடாமல் தொங்கியதைப் பார்க்கத் தவறினேன். இந்த நோய் சிலருக்குத் தோள் பிடிப்பாகத்தான் தலை காட்டும்.

அந்த அம்மாளை மேலும் விசாரித்தபோது ஒவ்வொன்றாக வெளியே வந்தது. "மலச்சிக்கல் பத்து வருஷமா இருக்கு சார். ராத்திரி தூக்கத்துல கத்துவாரு, காலை உதைப்பாரு. போன சீசன்ல பண்ருட்டியிலேர்ந்து பலாப்பழம் வாங்கி கூடத்துல வச்சிருக்கேன், தெருவே மணக்குது... இவருக்கு மட்டும் தெரியல!"

மலச்சிக்கல், வாசனை தெரியாமை, தூக்கத்தில் கைகால் வீச்சு இவையெல்லாம் நடுக்கம் வருவதற்குப் பல வருஷம் முன்பே வரக்கூடியவை. (மலச்சிக்கல் உள்ள எல்லோரும் பயந்துவிட வேண்டாம். ஊரில் பாதிப் பேருக்கு அது இருக்கிறது!) அப்படியானால் அத்தனை வருஷமாக மூளைக்குள் என்னதான் நடந்துகொண்டிருந்தது?

மடிப்பு தவறிய புரோட்டீன்

புரோட்டீன் என்றதும் நமக்குப் பருப்பும் முட்டையும்தான் ஞாபகம் வரும். சாப்பிடும் புரோட்டீனை உடம்பு அமினோ அமிலங்கள் என்ற சிறு மணிகளாக உடைத்துவிடுகிறது. பிறகு 20 வகை மணிகளைத் தனக்கு வேண்டிய வரிசையில் கோத்து, சொந்தமாகப் புரோட்டீன்களைச் செய்துகொள்கிறது. கோத்தால் மட்டும் போதாது. அந்தச் சங்கிலி சரியான இடத்தில் வளைந்து, சரியான உருவத்தில் மடிந்தால்தான் பெரும்பாலான புரோட்டீன்கள் வேலை செய்யும். கதவுச் சாவி மாதிரி. இரும்பு அதே இரும்புதான், வெட்டு மாறினால் பூட்டு திறக்காது.

இந்தச் சங்கிலி எந்தெந்தக் கோணத்தில் வளைய முடியும், எதில் முடியாது என்று உலகத்துக்கே கணக்குப் போட்டுக் கொடுத்தது நம் சென்னைப் பல்கலைக்கழகம். அங்கே இயற்பியல் துறையை நடத்திய ஜி.என்.ராமச்சந்திரன், தன் மாணவர்கள் ராமகிருஷ்ணன், சசிசேகரன் ஆகியோருடன் சேர்ந்து 1963-ல் வெளியிட்ட படத்துக்கு 'ராமச்சந்திரன் வரைபடம்' என்றே பெயர். எந்த நாட்டில் ஒரு புரோட்டீனின் உருவத்தைக் கண்டுபிடித்தாலும், அது சரிதானா என்று இன்றைக்கும் இந்தப் படத்தில் வைத்துத்தான் சரிபார்க்கிறார்கள். 2001 ஏப்ரலில் சென்னையில் காலமான அந்த மேதைக்குக் கடைசிக் காலத்தில் வந்த நோய் எது தெரியுமா? பார்க்கின்சன்ஸ்! புரோட்டீனின் வளைவுகளை அளந்தவருக்கே, ஒரு புரோட்டீன் தவறாக வளைவதால் வரும் நோய்.

அந்தப் புரோட்டீனின் பெயர் ஆல்ஃபா சைனூக்ளின். 140 மணிகள் கொண்ட சங்கிலி. நரம்பு நுனியில் சேதி அனுப்பும் வேலைக்கு ஒத்தாசையாக இருப்பது. சாதாரணமாக இது நிலையான உருவம் இல்லாமல் தளர்ந்த நூல் மாதிரிதான் கிடக்கும். ஏதோ ஒரு கட்டத்தில் சில நூல்கள் தட்டையாகி, ஒன்றோடொன்று ஒட்டிக்கொள்கின்றன. முதலில் இரண்டு, நாலு, பத்து என்று சிறு திரள்கள். பிறகு அவை நீளமாகி முன்னிழைகள். அதற்கப்புறம் ஆயிரக்கணக்கில் அடுக்கடுக்காகச் சேர்ந்து முழு இழைகள். கடைசியில் நரம்பு செல்லுக்குள் உருண்டையாகத் தேங்கி நிற்பதை 1912-ல் லூயி என்ற ஜெர்மன் டாக்டர் பார்த்தார். அந்த உருண்டையில் நிறைந்திருப்பது இந்தப் புரோட்டீன்தான் என்று தெரிய 1997 வரை ஆயிற்று.

இதில்தான் ஒரு ஆச்சரியம். உருண்டையும் நீண்ட இழையும் கண்ணுக்குத் தெரிவதால், குற்றவாளி அவைதான் என்று வெகுகாலம் நினைத்தார்கள். ஆனால் செல்லுக்கு அதிகக் கெடுதல் செய்வது நடுவில் வருகிற அந்தச் சிறு திரள்கள்தான் என்பது இப்போது பல ஆய்வாளர்களின் கருத்து.

வீட்டில் அப்பளம் இட்டவர்களுக்கு இது சட்டென்று விளங்கும். இட்ட ஈர அப்பளம் தட்டில் ஒட்டும், துணியில் ஒட்டும், பக்கத்து அப்பளத்தோடு ஒட்டிக் கிழியும். காய்ந்து கட்டாக அடுக்கிவிட்டால் அது யாரையும் தொந்தரவு செய்யாது. மூலையில் இடத்தை அடைத்துக்கொண்டு கிடக்கும், அவ்வளவுதான். முழு இழை என்பது அடுக்கிய அப்பளக் கட்டு. சிறு திரள் ஈர அப்பளம். ஒட்டும் முகம் வெளியே தெரிவதால், அது செல்லின் மேலுறையில் ஒட்டி ஓட்டை போடுகிறது. உள்ளே வரக்கூடாத கால்சியம் வருகிறது. செல்லுக்குச் சக்தி தயாரிக்கும் இடத்திலும் போய் ஒட்டிக்கொள்கிறது. அதற்காக இழைகளைச் சாது என்றும் நம்பிவிட முடியாது. அவை உடைந்தால் துண்டுகளிலிருந்து மறுபடி திரள்கள் கிளம்பும்.

வயதானவர்களின் மறதி நோயான 'அல்ஸைமர்' கதையும் கிட்டத்தட்ட இதேதான். 1906-ல் அல்ஸைமர் என்ற டாக்டர், இறந்துபோன ஒரு பெண்மணியின் மூளையில் படிவுகளையும் சிக்கல்களையும் கண்டார். படிவில் இருப்பது அமிலாய்டு பீட்டா, சிக்கலில் இருப்பது டௌ என்ற புரோட்டீன். (அமிலாய்டு என்றால் மாவுச்சத்து போன்றது என்று பொருள். அயோடின் பட்டதும் நிறம் மாறியதை வைத்து 1854-ல் விர்க்கோ தவறாக வைத்த பெயர், அப்படியே நிலைத்துவிட்டது!) படிவுகள் நிறைய இருந்தும் கடைசி வரை ஞாபகம் குறையாமல் வாழ்ந்தவர்கள் உண்டு. படிவின் அளவுக்கும் மறதியின் அளவுக்கும் பொருத்தம் குறைவு. அதனால்தான் இங்கேயும் சந்தேகம் சிறு திரள்கள் பக்கம் திரும்பியது. இந்த ஆராய்ச்சியும் கரடுமுரடான பாதைதான். ஒரு குறிப்பிட்ட திரளைப் பற்றி 2006-ல் வந்த புகழ்பெற்ற கட்டுரை, அதன் படங்களில் கோளாறு இருந்ததால் 2024-ல் திரும்பப் பெறப்பட்டது. ஆனால் முன்னிழைகளைக் குறிவைக்கும் லெக்கனிமாப் என்ற ஊசி மருந்துக்கு 2023-ல் அமெரிக்காவில் முழு அனுமதி கிடைத்தது. ஒன்றரை வருஷச் சோதனையில் மறதி மோசமாகும் வேகம் சுமார் 27 சதவீதம் குறைந்தது. போன ஞாபகம் திரும்பவில்லை. சிலருக்கு மூளையில் வீக்கமும் ரத்தக் கசிவும் வந்தன.

சரி, ஒரு செல்லில் தொடங்கியது எப்படிப் பரவுகிறது? உறை மோர் மாதிரி! ஒரு ஸ்பூன் தயிர், பாத்திரம் பாலையும் தயிராக்குவதுபோல, தவறாக மடிந்த புரோட்டீன் பக்கத்தில் உள்ள நல்ல புரோட்டீனையும் தன் உருவத்துக்கு இழுத்துவிடுகிறது. பார்க்கின்சன்ஸ் நோயாளிகள் சிலரின் மூளையில் புதிய இளம் நரம்பு செல்களை நட்டிருந்தார்கள். பத்து வருஷத்துக்கு மேல் கழிந்து அவர்கள் இறந்தபின் பரிசோதித்ததில், நட்ட செல்களுக்குள்ளும் அதே உருண்டைகள் இருந்தன. இது 2008-ல் தெரிய வந்தது.

உடனே அந்த அம்மாள் மாதிரி நீங்களும் கேட்பீர்கள்: "அப்போ எங்களுக்கு ஒட்டுமா சார்? பேரன் அவரு தட்டுலதான் சாப்பிடுறான்." ஒட்டாது. தொட்டாலோ, சேர்ந்து சாப்பிட்டாலோ, பணிவிடை செய்தாலோ இது வராது. "பருப்பு, முட்டையை நிறுத்திடலாமா?" அதுவும் வேண்டாம். மூளையில் திரளும் புரோட்டீன் சாம்பாரிலிருந்து நேராக அங்கே போவதில்லை.

பூனைக்காலி என்ன செய்யும், என்ன செய்யாது

அவரைப் புதுச்சேரியில் ஒரு நரம்பியல் நிபுணரிடம் அனுப்பினேன். லெவோடோபா, கார்பிடோபா கலந்த மாத்திரை கொடுத்தார்கள். இரண்டு மாதம் கழித்து அந்த அம்மாள் ஒரு டப்பாவோடு வந்தார். "தெரிஞ்சவரு ஒருத்தர் சொன்னாரு, மாத்திரையை எல்லாம் நிறுத்திட்டு இந்தப் பூனைக்காலிச் சூரணத்தைச் சாப்பிட்டா நோய் வேரோட போயிடுமாம். நீங்க சித்தா டாக்டர், நீங்களே சொல்லுங்க!"

பாளையங்கோட்டையில் படித்த காலத்திலிருந்து எனக்குப் பூனைக்காலி பழக்கம். காயின் மேலுள்ள சுனை பட்டால் உயிர் போகிற மாதிரி அரிக்கும். விதையைப் பசும்பாலில் வேகவைத்து, தோல் நீக்கி, உலர்த்திய பிறகே மருந்தில் சேர்ப்போம். அதில் சரக்கு இல்லாமல் இல்லை. 1937-லேயே சென்னைப் பல்கலைக்கழகத்தின் உயிர்வேதியியல் கூடத்தில் தாமோதரன், ராமசாமி என்ற இருவர் பூனைக்காலி விதையிலிருந்து லெவோடோபாவைப் பிரித்தெடுத்துக் காட்டினார்கள். அதை நடுக்குவாதத்துக்குக் கொடுக்கலாம் என்று வியன்னாவில் சோதித்துப் பார்த்ததே 1961-ல்தான். 2004-ல் லண்டனில் எட்டு நோயாளிகளுக்கு மட்டும் நடந்த சிறிய ஆய்வில், 30 கிராம் பூனைக்காலித் தூள் மாத்திரையைவிடச் சீக்கிரம் வேலை செய்தது.

பெருமைதான். ஆனால் கணக்கைப் பாருங்கள். அந்த விதையில் இருப்பதும் லெவோடோபா, மாத்திரையில் இருப்பதும் லெவோடோபா. மூளையில் குறைந்துபோன 'டோபமின்' என்ற ரசாயனத்தை இரண்டும் ஈடுகட்டுகின்றன. அதை உற்பத்தி செய்யும் செல்களைத் திரள்கள் அழிப்பதை இரண்டுமே நிறுத்துவதில்லை. 'வேரோடு போய்விடும்' என்று யார் சொன்னாலும், அவர் எந்த வைத்தியத்தைச் சேர்ந்தவரானாலும், நம்பாதீர்கள்.

இதைவிட ஆபத்து, டாக்டருக்குச் சொல்லாமல் மாத்திரையோடு சூரணத்தையும் சேர்த்துச் சாப்பிடுவது. டப்பாவுக்கு டப்பா லெவோடோபாவின் அளவு மாறும். அளவு மீறினால் கைகால் தானாக ஆடும், வாந்தி வரும், எழுந்து நின்றதும் ரத்த அழுத்தம் இறங்கித் தலை சுற்றும், இல்லாத ஆட்கள் கண்ணுக்குத் தெரிவார்கள். கண் அழுத்த நோய் உள்ளவர்களும், மனச்சோர்வுக்கு மாத்திரை சாப்பிடுபவர்களும் இன்னும் கவனமாக இருக்க வேண்டும். மாத்திரையைத் திடீரென்று நிறுத்துவதோ அதைவிட மோசம். உடம்பு மரக்கட்டையாக விறைத்து, கடும் ஜுரம் வந்து, உயிருக்கே ஆபத்தாகலாம்.

டப்பாவை வாங்கி மேஜையில் வைத்துவிட்டு, "இப்போ எப்படி இருக்கார்?" என்றேன்.

"காலையில நல்லா இருக்காரு சார். மத்தியானச் சாப்பாட்டுக்கு அப்புறம் வாசப்படிகிட்ட வந்தா கால் தரையோட ஒட்டிக்குது. அப்படியே நிக்கிறாரு."

மத்தியான மாத்திரையை எப்போது கொடுக்கிறார் என்று விசாரித்தேன். சாப்பிட்டு முடித்த கையோடு! சாப்பாட்டில் கெட்டிப் பருப்பு, இரண்டு முட்டை. 'வயிறு புண்ணாகாம இருக்கட்டும்' என்ற நல்லெண்ணம்தான். ஆனால் லெவோடோபாவும் ஒரு அமினோ அமிலம். குடலிலிருந்து ரத்தத்துக்கும், ரத்தத்திலிருந்து மூளைக்கும் போகும் வாசலில், பருப்பிலும் முட்டையிலும் இருந்து வந்த அமினோ அமிலங்களோடு அதுவும் வரிசையில் நிற்க வேண்டும். கூட்டம் அதிகமானால் மருந்துக்கு இடம் கிடைக்காது. அதனால் மாத்திரையைச் சாப்பாட்டுக்கு அரை மணி முதல் முக்கால் மணி நேரம் முன்பு கொடுக்கச் சொன்னேன். முட்டையையும் பருப்பின் பெரும்பங்கையும் ராத்திரிக்கு மாற்றச் சொன்னேன். இதை அவருடைய நரம்பியல் டாக்டரிடம் போனில் சொல்லி, அவர் சம்மதம் வாங்கிய பிறகுதான் செய்தோம்.

கால் ஒட்டிக்கொள்வதற்கு இன்னொரு உபாயம். தரையில் குறுக்காகக் கோடு இருந்தால், அதைத் தாண்டும் நினைப்பில் கால் எழும்பிவிடும். அந்த அம்மாள் கூடத்திலிருந்து வாசல் வரை ஓரடிக்கு ஒன்றாகக் கோல மாவில் கோடு இழுத்தார். வேலைக்காரி தினமும் பெருக்கித் தள்ளியதால், அப்புறம் வெள்ளை டேப்பே ஒட்டிவிட்டார். தினமும் காலை வெயிலுக்கு முன் நாற்பது நிமிஷ நடை. கூடவே பேரன், "லெஃப்ட், ரைட்" சொல்லிக்கொண்டு.

மலச்சிக்கலுக்குக் கடுக்காய் கொடுத்தேன். விறைத்த தோளுக்கு மறுபடியும் தைலம், இந்தத் தடவை எதற்கு என்று தெரிந்து. என் பங்கு அவ்வளவுதான்.

போன மாதம் வந்திருந்தார்கள். எழுதச் சொன்னேன். எழுத்து கடுகிலிருந்து மிளகு அளவுக்கு வந்திருக்கிறது. பழைய சுண்டைக்காய் அளவு திரும்பவில்லை.

"பேங்க்ல என்ன ஆச்சு?" என்றேன்.

"புதுசா மாதிரிக் கையெழுத்துப் போட்டுக் கொடுத்துட்டோம் சார். இனிமே இந்தச் சின்னக் கையெழுத்துதான் அவரோடது" என்றார் அந்த அம்மாள்.