சொல்லைப் பணமாக்கிய சீட்டு: உண்டியல் தரும் பாடம்

கொல்கத்தாவில் பணியாற்றிய ஆண்டுகளில், வங்காளப் புத்தாண்டு நாளான பொய்லா பொய்ஷாக் அன்று காளிகாட் கோயிலில் ஒரு காட்சியைத் தவறாமல் கண்டிருக்கிறேன். சிவப்புத் துணி அட்டையிட்ட புதிய கணக்குப் புத்தகங்களை ஏந்தி வணிகர்கள் வரிசையில் நிற்பார்கள். முதற்பக்கத்தில் குங்குமத்தால் சுவஸ்திகம் இடப்படும். அன்று கடைக்கு வரும் வாடிக்கையாளர்கள் பழைய பாக்கியைத் தீர்த்து, இனிப்பும் நாட்காட்டியும் பெற்றுச் செல்வார்கள். 'ஹால்கத்தா' எனப்படும் இவ்வழக்கம், நம்மவர் பிள்ளையார் சுழியும் 'லாபம்' என்ற சொல்லும் எழுதிப் புதுக்கணக்குத் தொடங்குவதற்கு ஒப்பானது.

எழுத்துக்குத் தனி ஆற்றல் உண்டு என்பது வணிகர்களின் நெடுநாளைய நம்பிக்கை. அந்த ஆற்றல் எங்கிருந்து வருகிறது? அதே நகரின் படாபஜாரில் தலைமுறை தலைமுறையாகப் புழங்கிய உண்டியல் இதற்கு விடை தருகிறது.

உண்டியல் என்பது யாது?

கோயில் காணிக்கைப் பெட்டியை இங்குக் குறிப்பிடவில்லை. ஓர் ஊரில் உள்ள வணிகர், வேறோர் ஊரில் உள்ள தம் முகவருக்கு, 'இச்சீட்டைக் கொண்டு வருபவருக்கு இன்ன தொகையைக் கொடுக்கவும்' என்று எழுதும் கட்டளையே உண்டியல். கள்வர் பயம் மிகுந்த பாதைகளில் வெள்ளி நாணயங்களைச் சுமக்காமல் பணத்தை அனுப்ப இது உதவியது. மூர்ஷிதாபாத்தின் ஜகத் சேட் குடும்பத்தினர், மார்வாரிகள், குஜராத்திகள், நம் நாட்டுக்கோட்டை நகரத்தார் ஆகிய அனைவரும் இதனைக் கையாண்டனர்.

குஜராத்தின் பக்திக் கவிஞர் நர்சி மேத்தாவைப் பற்றிய கதை ஒன்று வணிகர்களிடையே புகழ்பெற்றது. கையில் காசில்லாத அவர், துவாரகைக்குச் செல்லும் யாத்திரிகர்களுக்காக 'ஷாமள்ஷா சேட்' என்ற பெயருக்கு உண்டியல் எழுதிக் கொடுத்தார். அப்படி ஒரு வணிகர் அங்கு இல்லை. கண்ணனே சேட் வடிவில் வந்து பணத்தைக் கொடுத்தான் என்பது கதை. எழுதியவரின் வாக்குப் பொய்க்கக் கூடாது என்னும் வணிக அறத்தின் உச்சமாக இக்கதையைக் கொள்ளலாம்.

எழுத்தரின் நுட்பம்

கண்ணன் வருவான் என்று முனீம்கள் காத்திருக்கவில்லை. பெரிய வணிக இல்லங்களின் கணக்கையும் கடிதப் போக்குவரத்தையும் நடத்திய அவர்கள், இறைவன் பெயரில் உண்டியலைத் தொடங்கினாலும் அடுத்த வரிகளில் மிகுந்த எச்சரிக்கையைக் காட்டினர். மகாஜனி எழுத்தில் உயிர்க்குறிகள் பெரும்பாலும் விடுபடும். 'பெரியவர் அஜ்மீர் போனார்' என்ற கடிதத்தை 'பெரியவர் இன்று இறந்து போனார்' என்று படித்து வீடே அழுத கதையை வடநாட்டில் இன்றும் கூறுவர். ஆகவே தொகையை எண்ணால் எழுதி, எழுத்தால் எழுதி, அதன் பின் பாதியையும் குறிப்பர்: 'ரூபாய் 1000, ஆயிரம், இதன் பாதியாகிய ஐந்நூற்றின் இரு மடங்கு'. ஒரு சுழியத்தைக் கூட்டி ஏமாற்ற நினைப்பவர் மூன்று இடங்களில் திருத்தியாக வேண்டும்.

உண்டியலின் வகைகளும் அனுபவத்தில் விளைந்தவையே. கண்டவுடன் பணம் தருவது தர்சனி. தவணை முடிந்தபின் தருவது முத்ததி. நன்மதிப்புள்ள வணிகரிடம் மட்டுமே பணம் செல்ல வேண்டும் என்பது ஷா ஜோக். இன்றைய கோடிட்ட காசோலையின் நோக்கமும் இதுவே. சரக்கு பத்திரமாக வந்து சேர்ந்தால் மட்டுமே பணம் என்பது ஜோக்மி. இதில் காப்பீடும் கலந்திருந்தது. உண்டியல் தொலைந்தால் 'பேட்' என்னும் இரண்டாம் படி. அதுவும் தொலைந்தால் 'பர்பேட்'. பணம் கொடுத்துத் தீர்ந்த உண்டியல் திரும்பப் பெறப்பட்டு, செல்லாததாக்கப்பட்டு, 'கோகா' என்ற பெயருடன் பத்திரமாகக் கோக்கப்படும்.

1881ஆம் ஆண்டின் மாற்றுமுறை ஆவணச் சட்டம், உள்நாட்டு மொழிகளில் எழுதப்பட்ட இத்தகைய ஆவணங்களுக்கான வழக்காறுகளைத் தன் முதற்பிரிவிலேயே பாதுகாத்தது. எண்ணும் எழுத்தும் முரண்பட்டால் எழுத்தால் குறித்த தொகையே செல்லும் என்று அச்சட்டத்தின் 18ஆம் பிரிவு கூறுகிறது. (இன்று 'உண்டியல்' என்ற பெயரில் வெளிநாட்டுப் பணத்தை வங்கிக்குப் புறம்பாக அனுப்புவது வேறு, அது சட்டமீறல்.)

கோகா இல்லாத கடன்

எங்கள் கிளையின் வாடிக்கையாளரான ஜவுளி வணிகர் ஒருவர், சரக்குக் கடனுக்குப் பிணையாகத் தொகை எழுதாத காசோலையில் கையொப்பமிட்டுக் கொடுத்திருந்தார். கடனைச் சிறிது சிறிதாகத் தீர்த்தார். காசோலையைத் திரும்பக் கேட்கவில்லை. ஈராண்டு கழித்து, நான்கு இலட்சம் ரூபாய்க்கு அது வங்கிக்கு வந்தது. போதிய பணமின்றித் திரும்பியது. வழக்கறிஞர் அறிவிப்புடன் என்முன் அமர்ந்த அவர், "தொகையை நான் எழுதவில்லையே ஐயா" என்றார்.

என்னால் ஆறுதலான விடை கூற இயலவில்லை. தாமாக முன்வந்து கையொப்பமிட்டுக் கொடுத்த வெற்றுக் காசோலையும் கடனுக்காகத் தரப்பட்டது என்றே கொள்ளப்படும் என 2019இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்துள்ளது. அதனை மறுத்து நிறுவும் பொறுப்பு கையொப்பமிட்டவருடையது. அவரிடம் பாதித் தொகைக்கே ரசீதுகள் இருந்தன. முடிவில் சமரசம் பேசி, ஏற்கெனவே கொடுத்த பணத்தில் ஒரு பகுதியை மறுபடியும் கொடுத்தார். படாபஜாரின் முனீம் கோகாவைக் கையில் வாங்காமல் ஒருநாளும் கணக்கை முடித்திருக்க மாட்டார்.

நாம் கொள்ள வேண்டியவை

1. வெற்றுக் காசோலையில் கையொப்பமிடாதீர்கள். பிணையாகத் தர நேர்ந்தால் பெயர், தொகை, நோக்கம் ஆகியவற்றைக் குறிப்பிட்டு, எழுத்து மூலம் ஒப்புகை பெறுங்கள்.

2. தொகையை எழுத்தால் எழுதி, 'மட்டும்' என்று முடித்து, எஞ்சிய இடத்தைக் கோடிட்டு நிரப்புங்கள்.

3. கடன் தீர்ந்த அன்றே காசோலையையும் கடன்சீட்டையும் திரும்பப் பெறுங்கள். கிடைக்காவிடில், காசோலை எண்ணைக் குறிப்பிட்டு எதிர்த்தரப்புக்குக் கடிதம் அனுப்பி, அதன் நகலை வைத்திருங்கள்.

4. காசோலை திரும்பியது பற்றி அறிவிப்பு வந்தால் புறக்கணிக்காதீர்கள். அது கைக்குக் கிடைத்த நாளிலிருந்து 15 நாட்களே அவகாசம். அதன்பின் தொடரும் வழக்கில் ஈராண்டு வரை சிறையோ, தொகையின் இரு மடங்கு வரை அபராதமோ, இரண்டுமோ விதிக்கப்படலாம்.

குங்குமம் இட்ட புத்தகம் மங்கலம் தரட்டும். அதனுள் ஒவ்வொரு வரியையும் முழுமையாக எழுதுவதும், தீர்ந்த சீட்டைக் கேட்டு வாங்குவதும் நம் கையில் உள்ளன.