ஒரு புதிய நாடு உலகோடு பழகிய கதை

ஊருக்குப் புதிதாக ஒரு குடும்பம் குடிவருகிறது. கையில் பணம் இல்லை. வீட்டில் ஆட்கள் நிறைய. தெருவில் இரண்டு பெரிய வீடுகள். இரண்டு வீட்டாருக்கும் தீராத பகை. "எங்கள் பக்கம் வா" என்று ஒரு வீட்டார் கூப்பிடுகிறார்கள். மற்ற வீட்டாரும் அப்படியே கூப்பிடுகிறார்கள். பக்கத்து வீட்டோடு வேலித் தகராறு வேறு. கடன் கொடுக்க ஆள் உண்டு. ஆனால் வாங்கினால், கொடுத்தவர் சொல்லுக்குக் கட்டுப்பட வேண்டும்.

இந்தக் குடும்பம் யாரோடு சேரும்? தன் மானத்தை எப்படிக் காப்பாற்றிக்கொள்ளும்?

1947 ஆகஸ்டு 15 அன்று இந்தியா இப்படித்தான் உலகத்தின் முன் நின்றது. ஒரு நாடு மற்ற நாடுகளோடு எப்படிப் பழகுவது என்று ஒரு வழியை வகுத்துக்கொள்கிறது. அதற்கு வெளியுறவுக் கொள்கை என்று பெயர். இந்தியா அந்த வழியை ஒரே நாளில் கண்டுபிடிக்கவில்லை. நடந்து நடந்து கற்றது. தடுக்கி விழுந்தும் கற்றது.

1. பிறர் முடிவு செய்த காலம்

1939 செப்டம்பர் மாதம். ஐரோப்பாவில் இரண்டாம் உலகப்போர் தொடங்கியது. "இந்தியாவும் போரில் இருக்கிறது" என்று வைசிராய் லின்லித்கோ பிரபு அறிவித்தார். இந்தியத் தலைவர் ஒருவரையும் அவர் கலந்து பேசவில்லை. போர் முடியும் காலத்தில் இந்தியப் படையில் சுமார் 25 லட்சம் பேர் இருந்தனர். யாரோடு போர், எதற்காகப் போர் என்பதை அவர்களுடைய நாடு முடிவு செய்யவில்லை. லண்டன் முடிவு செய்தது.

எனவே விடுதலை என்பது கொடி ஏற்றுவது மட்டும் அல்ல. "யாரோடு நட்பு, யாரோடு பகை என்பதை இனி நாமே முடிவு செய்வோம்" என்பதும் விடுதலைதான்.

அதற்கு ஆட்கள் வேண்டும். 1946-இல் இந்திய வெளியுறவுப் பணி தொடங்கப்பட்டது. இப்பணியில் உள்ளவர்கள் பிற நாடுகளில் இந்தியாவின் சார்பில் பேசுவார்கள். 1947-இல் விஜயலட்சுமி பண்டிட் மாஸ்கோவுக்குத் தூதராகச் சென்றார். 1953-இல் அவர் ஐ.நா. பொதுச்சபையின் தலைவரானார். அந்த இடத்தில் அமர்ந்த முதல் பெண் அவர்தான்.

2. எந்தப் பக்கமும் சேராத வழி

அப்போது உலகம் இரண்டு அணிகளாகப் பிரிந்திருந்தது. ஒன்று அமெரிக்கா தலைமையிலான அணி. மற்றொன்று சோவியத் ரஷ்யா தலைமையிலான அணி. இரண்டிடமும் அணுகுண்டு இருந்தது. நேரடியாகச் சண்டை போடாமல் முறைத்துக்கொண்டே இருந்தன. இதைப் பனிப்போர் என்பார்கள்.

இந்தியா எந்த அணியிலும் சேரவில்லை. ஒவ்வொரு விஷயத்தையும் அதன் நியாயத்தை வைத்துப் பார்ப்போம் என்றது. இதுவே அணிசேராக் கொள்கை. பிரதமர் ஜவாஹர்லால் நேரு இதை வகுத்தவர்களில் முக்கியமானவர்.

"இது வேலி மேல் உட்காரும் வேலை" என்று சிலர் கேலி செய்தனர். ஆனால் கொரியாவில் இந்த வழிக்கு மதிப்பு இருப்பது தெரிந்தது.

1950 முதல் 1953 வரை கொரியாவில் கடும் போர் நடந்தது. அங்கே சண்டையிட இந்தியா படை அனுப்பவில்லை. காயம்பட்டவர்களுக்கு வைத்தியம் பார்க்க ஒரு மருத்துவப் படையை அனுப்பியது. போர் ஓய்ந்தபோது ஒரு சிக்கல் எழுந்தது. 22,000-க்கும் அதிகமான போர்க் கைதிகள் சொந்த நாட்டுக்குத் திரும்ப விரும்பவில்லை. அவர்களை யார் பொறுப்பில் விடுவது? ஒரு தரப்பின் பொறுப்பில் விட்டால் மறு தரப்பு நம்பாது. இரண்டு தரப்பும் ஒப்புக்கொள்ளும் நாடு வேண்டும்.

இந்தியா அந்தப் பொறுப்பை ஏற்றது. இதற்கான குழுவுக்கு ஜெனரல் திம்மய்யா தலைவராக இருந்தார். இந்திய வீரர்கள் கைதிகளைக் காவல் காத்தனர். யாரையும் கட்டாயப்படுத்தி அனுப்பக்கூடாது என்பது விதி. சொந்த நாட்டுக்கும் போகாமல், எதிர்த் தரப்போடும் சேராமல், சிலர் இந்திய வீரர்களுடன் இந்தியாவுக்கே வந்துவிட்டார்கள்.

தெருச்சண்டையில் இரண்டு பக்கமும் நம்பும் ஆளாக இருப்பதும் ஒரு பலம்தான்.

1955-இல் இந்தோனேசியாவின் பாண்டுங் நகரில் 29 ஆசிய, ஆப்பிரிக்க நாடுகள் கூடின. 1961-இல் பெல்கிரேடு நகரில் அணிசேரா நாடுகளின் முதல் மாநாடு நடந்தது. எகிப்தின் நாசர், யூகோஸ்லாவியாவின் டிட்டோ, நேரு ஆகியோர் அதில் முன்நின்றனர்.

3. எல்லையில் விழுந்த அடி

1954 ஏப்ரல் 29 அன்று இந்தியாவும் சீனாவும் ஓர் உடன்படிக்கை செய்துகொண்டன. அதில் ஐந்து கொள்கைகள் இருந்தன. இவற்றைப் பஞ்சசீலம் என்பார்கள்.

- ஒருவர் நாட்டு எல்லையை மற்றவர் மதித்தல்
- ஒருவரை ஒருவர் தாக்காமை
- உள்நாட்டு விவகாரத்தில் தலையிடாமை
- சமத்துவமும் இரு தரப்புக்கும் நன்மையும்
- அமைதியாகச் சேர்ந்து வாழ்தல்

சொற்கள் நல்லவை. ஆனால் இரு நாடுகளின் எல்லை எது என்பது தீராமலே கிடந்தது. 1962 அக்டோபர் 20 அன்று சீனப்படை தாக்கியது. மலை உச்சிகளில் இருந்த இந்திய வீரர்களிடம் குளிருக்கு ஏற்ற உடைகூடப் போதுமான அளவு இல்லை. ஒரே மாதத்தில் இந்தியா தோல்வி கண்டது. அணிசேராத இந்தியா அமெரிக்காவிடமும் பிரிட்டனிடமும் ஆயுத உதவி கேட்க நேர்ந்தது.

நல்லெண்ணம் வேண்டும். ஆனால் வாசற்கதவுக்குத் தாழ்ப்பாளும் வேண்டும். 1962 தந்த பாடம் இது.

4. கோதுமைக் கப்பலும் தன்மானமும்

வெளியுறவுக் கொள்கை டெல்லியில் மட்டும் நடக்கும் விஷயமா? இல்லை. அது ரேஷன் கடை வரைக்கும் வரும்.

1956 முதல் அமெரிக்கா ஒரு சட்டத்தின் கீழ் இந்தியாவுக்குக் கோதுமை கொடுத்தது. "பி.எல். 480" என்று அதைச் சொல்வார்கள். விலையை ரூபாயிலேயே கொடுக்கலாம். டாலர் தேவையில்லை. இது அப்போது பெரிய உதவியாக இருந்தது.

1965-லும் 1966-லும் அடுத்தடுத்து மழை பொய்த்தது. பயிர் கருகியது. 1966-இல் மட்டும் சுமார் 1 கோடி டன் தானியம் வெளிநாட்டிலிருந்து வந்தது. ஒரு கப்பல் வந்தால்தான் அடுத்த வாரச் சாப்பாடு என்ற நிலை.

அதே காலத்தில் அமெரிக்கா வியட்நாமில் குண்டு வீசிக்கொண்டிருந்தது. இந்தியா அதைக் குறை கூறியது. அமெரிக்க அதிபர் ஜான்சனுக்கு அது பிடிக்கவில்லை. "இந்தியா தன் விவசாயத்தைத் திருத்திக்கொள்ள வேண்டும்" என்றும் அவர் வற்புறுத்தினார். ஆண்டு முழுவதற்கும் சேர்த்துக் கோதுமை கொடுக்காமல், கொஞ்சம் கொஞ்சமாக அனுப்பச் செய்தார். ஒவ்வொரு முறையும் இந்தியா காத்திருக்க வேண்டியதாயிற்று.

பசித்த வயிறோடு நியாயம் பேசுவது எவ்வளவு கடினம் என்று நாடு உணர்ந்தது.

அப்போது மத்திய உணவு அமைச்சராக இருந்தவர் தமிழ்நாட்டைச் சேர்ந்த சி. சுப்பிரமணியம். விஞ்ஞானி எம்.எஸ். சுவாமிநாதனும் அவருடைய தோழர்களும் குட்டை ரகக் கோதுமையைப் பரிந்துரைத்தனர். இந்த ரகத்தை மெக்சிகோவில் நார்மன் போர்லாக் உருவாக்கியிருந்தார். 1966-இல் 18,000 டன் விதை மெக்சிகோவிலிருந்து வாங்கப்பட்டது. உழவர்கள் அதை விதைத்தார்கள். 1964-65-இல் இந்தியாவின் கோதுமை விளைச்சல் சுமார் 1 கோடியே 23 லட்சம் டன். 1970-71-இல் அது சுமார் 2 கோடியே 38 லட்சம் டன் ஆயிற்று.

இந்த வழியில் குறைகளும் உண்டு. நிலத்தடி நீர் குறைந்தது. உரமும் பூச்சிமருந்தும் அதிகமாயின. ஆனால் ஒன்று நிச்சயம். கலப்பை பிடித்த கைகள் இந்தியாவின் குரலுக்குப் பலம் சேர்த்தன.

5. நண்பன் தேவைப்பட்ட நேரம்

1971. கிழக்குப் பாகிஸ்தானில் ராணுவம் மக்கள் மீது கொடுமை புரிந்தது. சுமார் 1 கோடி பேர் அகதிகளாக இந்தியாவுக்கு ஓடி வந்தனர். பிரதமர் இந்திரா காந்தி பல நாடுகளுக்கு நேரில் சென்று நிலைமையை விளக்கினார். அமெரிக்காவும் சீனாவும் பாகிஸ்தான் பக்கம் நின்றன.

1971 ஆகஸ்டு 9 அன்று இந்தியா சோவியத் ரஷ்யாவோடு நட்புறவு உடன்படிக்கை செய்தது. "அணிசேராமை என்ன ஆயிற்று?" என்று சிலர் கேட்டனர். "கொள்கையை விடவில்லை. ஆபத்தில் துணை தேடினோம்" என்பது அரசு தரப்பின் வாதம். டிசம்பரில் போர் மூண்டது. 16-ஆம் தேதி டாக்காவில் பாகிஸ்தான் படை சரணடைந்தது. வங்காளதேசம் பிறந்தது. மறு ஆண்டு சிம்லாவில் இந்தியாவும் பாகிஸ்தானும் உடன்படிக்கை செய்துகொண்டன.

எல்லா முயற்சியும் வெற்றி பெறவில்லை. 1987-இல் இந்தியா இலங்கையோடு ஓர் ஒப்பந்தம் செய்து, அமைதி காக்கப் படை அனுப்பியது. அந்தப் படையே அங்கே சண்டையில் சிக்கியது. சுமார் 1,200 இந்திய வீரர்கள் இறந்தனர். இலங்கைத் தமிழ் மக்களும் பெரும் துன்பம் அடைந்தனர். 1990-இல் படை திரும்பியது. அடுத்த வீட்டுச் சண்டையில் நுழைவது எளிது. வெளியே வருவது கடினம்.

6. பழைய உலகம் மாறியது

1990 ஆகஸ்டில் ஈராக் குவைத்தைப் பிடித்தது. அங்கே வேலை செய்த இந்தியர்கள் தவித்தனர். இந்தியா இரு தரப்போடும் பேசியது. 1 லட்சத்து 70 ஆயிரத்துக்கும் அதிகமானவர்கள் பெரும்பாலும் ஜோர்டான் நாட்டின் அம்மான் நகரிலிருந்து விமானம் மூலம் அழைத்து வரப்பட்டனர். எல்லோரிடமும் பேச்சு வைத்திருந்ததன் பயன் அன்று தெரிந்தது.

அதே நேரத்தில் எண்ணெய் விலை ஏறியது. 1991-இல் டாலர் கையிருப்பு கரைந்தது. நாடு தன் தங்கத்தை வெளிநாட்டில் அடகு வைத்தது. அந்த ஆண்டு டிசம்பரில் சோவியத் ரஷ்யாவும் பல நாடுகளாகப் பிரிந்தது. இரண்டு அணிகளில் ஓர் அணி இல்லாமல் போயிற்று.

இந்தியா மறுபடியும் வழி தேடியது. கிழக்கு ஆசிய நாடுகளோடு வாணிகம் வளர்த்தது. 1998-இல் அணுகுண்டுச் சோதனை நடத்தியபோது அமெரிக்கா தடைகள் விதித்தது. 2008-இல் அதே அமெரிக்கா இந்தியாவோடு அணுசக்தி ஒப்பந்தம் செய்தது. 2022-இல் உக்ரைன் போர் தொடங்கிய பிறகும் இந்தியா ரஷ்யாவிடம் எண்ணெய் வாங்கியது. 2023-இல் ஜி-20 நாடுகளின் மாநாட்டை டெல்லியில் நடத்தியது. அணிகள் மாறின. "நம் முடிவு நம் கையில்" என்ற பழைய ஆசை மாறவில்லை.

7. பொறுமையாகப் பேசினால்

இந்தியா, வங்காளதேச எல்லையில் ஒரு வினோதம் இருந்தது. வங்காளதேசத்துக்குள் இந்தியாவின் 111 நிலத் துண்டுகள் தீவுகள் போலக் கிடந்தன. இந்தியாவுக்குள் வங்காளதேசத்தின் 51 துண்டுகள் கிடந்தன. இவற்றில் சுமார் 50,000 பேர் வாழ்ந்தனர். பள்ளிக்கூடம், ரேஷன் அட்டை, மின்சாரம், போலீஸ் எதுவும் ஒழுங்காக இல்லை. ஒரு மைல் நடந்தாலே அயல்நாடு.

1974-இல் இரு நாடுகளும் துண்டுகளை மாற்றிக்கொள்ள ஒப்பந்தம் செய்தன. நிறைவேறவில்லை. பேச்சு நின்றது; மீண்டும் தொடங்கியது. 2015-இல் இந்திய நாடாளுமன்றம் அரசியல் சட்டத்தைத் திருத்தியது. 2015 ஜூலை 31 நள்ளிரவில் துண்டுகள் கைமாறின. எந்த நாட்டின் குடிமகனாக இருப்பது என்று மக்களே தேர்ந்தெடுத்தனர்.

ஒரு துப்பாக்கியும் வெடிக்கவில்லை. 41 ஆண்டு ஆயிற்று. ஆனாலும் பேச்சு பலித்தது.

நாடு என்பது கோடிக்கணக்கான குடும்பங்கள். அதன் வெளியுறவு சரியாக இருந்தால் எல்லையில் நிற்கும் வீரன் வீடு திரும்புவான். வளைகுடாவில் உழைக்கும் மகன் பத்திரமாக இருப்பான். எனவே அரசு யாரோடு என்ன ஒப்பந்தம் செய்கிறது என்று கேட்பதும் படிப்பதும் குடிமக்களின் உரிமை.

சொற்பொருள்

தூதர் – பிற நாட்டில் தங்கித் தம் நாட்டின் சார்பில் பேசுபவர்
தூதரகம் – தூதரின் அலுவலகம். வெளிநாட்டில் சிக்கலில் மாட்டும் இந்தியர் இங்கே உதவி கேட்கலாம்
உடன்படிக்கை – நாடுகள் எழுதிச் செய்துகொள்ளும் ஒப்பந்தம்
அகதி – உயிருக்கு அஞ்சிச் சொந்த ஊரை விட்டு வந்தவர்

விடை எழுதுங்கள்

1. கொரியாவில் கைதிகளைக் காக்கும் பொறுப்பு இந்தியாவுக்கு ஏன் கிடைத்தது?
2. பஞ்சசீலத்தில் எத்தனை கொள்கைகள்? அவற்றில் இரண்டை எழுதுங்கள்.
3. 1966-இல் விதைக் கோதுமை எந்த நாட்டிலிருந்து வந்தது?

கூடிப் பேசுங்கள்

1. கடன் கொடுத்தவர் தவறு செய்தால் கடன் வாங்கியவர் அதைச் சொல்லலாமா? சொன்னால் என்ன ஆகும்?
2. உங்கள் ஊரிலிருந்து வெளிநாட்டுக்கு வேலைக்குப் போனவர்கள் யார்? புறப்படும் முன் அவர்கள் என்னென்ன தெரிந்துகொள்ள வேண்டும்?