கடிதம் எழுதிய டோரா டீச்சர்

பிரேசில் என்றால் நமக்குக் கால்பந்துதான் ஞாபகம் வரும். அந்த நாட்டில் 90 வயதைத் தாண்டியும் நடித்த ஒரு நடிகை இருக்கிறார். அவர் பெயர் பெர்னாண்டா மாண்டெனெக்ரோ. அவரைப் பற்றி நான் தெரிந்துகொண்டதை எழுதுகிறேன்.

இளமைக் காலம்

இவர் 1929 அக்டோபர் 16-ல் ரியோ டி ஜெனிரோ நகரில் பிறந்தார். சொந்தப் பெயர் ஆர்லெட். 15 வயதிலேயே வானொலியில் சேர்ந்தார். நம்மைவிட ஒரு வயசுதான் கூட! 1950-ல் மேடை நாடகத்தில் நடிக்க ஆரம்பித்தார். கூட நடித்த பெர்னாண்டோ டோரஸ் என்பவரைத் திருமணம் செய்துகொண்டார். 1959-ல் கணவரும் நண்பர்களும் இவரும் சேர்ந்து சொந்தமாக நாடகக் குழு தொடங்கினார்கள். கதாநாயகியாக நடித்த முதல் சினிமா 1965-ல் வந்தது.

புகழ் தந்த படம்

1998-ல் வால்டர் சாலஸ் இயக்கிய 'சென்ட்ரல் ஸ்டேஷன்' வெளிவந்தது. இதில் இவர் டோரா என்ற ஓய்வு பெற்ற டீச்சர். ரியோ ரயில் நிலையத்தில் மேஜை போட்டு உட்கார்ந்து, எழுதத் தெரியாதவர்களுக்குக் காசு வாங்கிக்கொண்டு கடிதம் எழுதித் தருவார். தபாலில் போடவும் சேர்த்துத்தான் காசு. ஆனா டோரா போட மாட்டாங்க! வீட்டுக்குக் கொண்டுபோய்ச் சிலதைக் கிழிப்பார், சிலதை மேஜை டிராயரில் போட்டு வைப்பார்.

ஒருநாள் ஒரு அம்மா தன் பையனின் அப்பாவுக்குக் கடிதம் எழுதச் சொல்கிறார். வெளியே போனதும் பஸ் மோதி இறந்துவிடுகிறார். பையன் ஜோசுவே அநாதையாக நிற்கிறான். முதலில் அவனைக் காசுக்கு விற்றுவிட்ட டோரா, அப்புறம் மனசு கேட்காமல் மீட்டு, அவன் அப்பாவைத் தேடி பஸ்ஸில் ரொம்ப தூரம் போகிறார். வழியில் பணம் தீர்ந்துபோகிறது. ஒரு கோயில் திருவிழாவில் மறுபடியும் கடிதம் எழுதுகிறார். இந்தத் தடவை எல்லாவற்றையும் தபாலில் சேர்த்துவிடுகிறார். எனக்கு ரொம்பப் பிடித்த இடம் இதுதான்.

ஜோசுவேயாக நடித்த வினிசியஸ் முன்பு விமான நிலையத்தில் ஷூ பாலிஷ் போட்ட பையன். படப்பிடிப்பு நடந்தபோது, நிஜமாகவே கடிதம் எழுதுகிறார்கள் என்று நினைத்து மக்கள் வந்து சொல்லிவிட்டுப் போனார்களாம்!

விருதுகள்

பெர்லின் திரைப்பட விழாவில் இவருக்குச் சிறந்த நடிகை விருது கிடைத்தது. 1999-ல் 69 வயதில் ஆஸ்கார் சிறந்த நடிகை பட்டியலில் இடம்பெற்றார். நடிப்புக்காக அந்தப் பட்டியலில் வந்த முதல் பிரேசில்காரர் இவரே. பரிசு கிடைக்கவில்லை. ஆனாலும் நடிப்பதை விடவில்லை. 2021-ல் பிரேசில் இலக்கிய அகாடமிக்குத் தேர்வானார். 2024-ல் சாலஸ் இயக்கிய 'ஐ ஆம் ஸ்டில் ஹியர்' படத்தில் இவர் மகள் பெர்னாண்டா டோரஸ் கதாநாயகி. அதே பாத்திரத்தின் வயதான காலத்தில் இவர் வருகிறார். ஒரு வசனமும் இல்லை, முகம் மட்டும்தான். 2025-ல் மகளும் அதே ஆஸ்கார் பட்டியலில் இடம்பெற்றார். பிரேசிலுக்குச் சிறந்த சர்வதேசப் படத்துக்கான முதல் ஆஸ்காரும் அந்தப் படத்தால்தான் கிடைத்தது.

நாம் அறிய வேண்டியது

எங்க ஆயாவுக்கு எழுதப் படிக்கத் தெரியாது. பேங்க்கில் பணம் எடுக்கும் சீட்டை நான்தான் நிரப்பிக் கொடுப்பேன். நான் எழுதினது ஐநூறா ஐயாயிரமா என்று அவங்களால பார்க்க முடியாது. என்னை நம்பித்தான் கைநாட்டு வைக்கிறாங்க. டோரா கதையைப் படித்த பிறகு, அந்தக் கைநாட்டு எவ்வளவு பெரிய விஷயம் என்று புரிந்தது.

தோழர்களே, தோழிகளே! தெருவில் யாராவது ஃபாரம் எழுதித் தரச் சொன்னால் வேலை இருக்கு என்று ஓடாதீங்க. அவர்கள் சொன்னதை அப்படியே எழுதுங்க. எழுதியதை ஒருமுறை சத்தமாகப் படித்துக் காட்டுங்க. அப்புறம் கைநாட்டு வைக்கச் சொல்லுங்க.



– 9 ஆம் வகுப்பு மாணவி