படிப்பு விடுப்பும் பாண்டுப் பத்திரமும்

மேற்படிப்புக்குப் போகும் மகிழ்ச்சியில் பாண்டுப் பத்திரத்தை முழுவதும் படித்துப் பார்த்தவர்கள் நம்மில் எத்தனை பேர்? அலுவலகத்தில் காட்டிய இடத்தில் கையெழுத்திடுகிறோம். ஜாமீன் தேவையென்றால் பக்கத்து மேஜைக்காரர், நம்மூர்க்காரர் என்ற ஒரே காரணத்துக்காக அவரும் கையெழுத்துப் போட்டுத் தருகிறார்.

நம் சங்கத்து நண்பர் ஒருவருக்கு இப்படித்தான் நோட்டீஸ் வந்தது. படிக்கப் போனவர் வெளிநாட்டிலேயே தங்கிவிட்டார். பணத்தை இவர் கட்ட வேண்டுமாம். "வெறும் சாட்சிக் கையெழுத்து என்றுதான் சார் நினைத்தேன்" என்றார். அவருக்காகப் புரட்டிப் பார்த்த சட்டங்களே இந்தக் கட்டுரை.

முதலில் ஒரு பயத்தைப் போக்கிக்கொள்ளலாம். பாண்டு எழுதிக் கொடுத்தவரைப் பிடித்து வந்து நாற்காலியில் உட்கார வைத்து வேலை வாங்க எந்த நீதிமன்றமும் உத்தரவிடாது. ஊழிய ஒப்பந்தத்தை அப்படி நிறைவேற்றித் தர 1963-ம் ஆண்டு குறித்தவகைத் தீர்வழிச் சட்டம் இடம் தருவதில்லை. வசூலிக்கக் கூடியது பணம்தான். எவ்வளவு பணம் என்பதுதான் கேள்வி.

மத்திய அரசு ஊழியர்களுக்கு 1972-ம் ஆண்டு விடுப்பு விதிகளில் 63-வது விதி இதைச் சொல்கிறது. விடுப்பு முடிந்து திரும்பாவிட்டாலோ, திரும்பிய மூன்று ஆண்டுகளுக்குள் ராஜினாமா செய்தாலோ, ஓய்வு பெற்றாலோ, படிப்பையே முடிக்காவிட்டாலோ பணத்தைத் திருப்பித் தர வேண்டும். மத்திய சுகாதாரப் பணி மருத்துவர்களுக்கு இந்தக் கெடு ஐந்து ஆண்டுகள். விடுப்புச் சம்பளம், கட்டணம், பயணச் செலவு எல்லாம் இதில் அடங்கும். வெளிநாட்டு அரசோ அறக்கட்டளையோ செலவழித்த தொகையும் சேரும் என்பது பலருக்குத் தெரியாது. பணத்தைக் கேட்ட தேதியிலிருந்து வட்டி உண்டு. இதைக் கட்டிய பிறகே ராஜினாமா ஏற்கப்படும். உடல்நலக் காரணத்தால் ஓய்வு பெற அனுமதிக்கப்பட்டவருக்கு, படிப்பை முடித்திருந்தால், விலக்கு உண்டு.

வேறு அரசுத் துறைக்கோ பொதுத்துறை நிறுவனத்துக்கோ போகிறவர்கள் அவசரப்பட்டு ராஜினாமா எழுதிவிடக் கூடாது. அலுவலகம் மூலமாகவே, முன் அனுமதி பெற்று விண்ணப்பித்திருந்தால், பாக்கிக் காலத்தைப் புதிய இடத்தில் பணியாற்றுவதாகப் புது பாண்டு எழுதிக் கொடுத்துப் போகலாம். நேரடியாக விண்ணப்பித்தவர்களுக்கு இந்தச் சலுகையைக் கேட்க வழியில்லாமல் போய்விடும்.

தனியார் நிறுவனங்களின் கதை வேறு. பத்திரத்தில் பத்து லட்சம் என்று எழுதிவிட்டதாலேயே பத்து லட்சமும் வசூலாகிவிடாது. 1872-ம் ஆண்டு ஒப்பந்தச் சட்டம் 74-வது பிரிவின்படி, எழுதிய தொகை உச்சவரம்பு மட்டுமே. அதற்குள் நியாயமான நஷ்ட ஈட்டைத்தான் நீதிமன்றம் தரும். ஆகவே நிறுவனம் நமக்காக உண்மையில் என்ன செலவழித்தது, திரும்பி வந்து எத்தனை மாதம் உழைத்தோம் என்பதற்கான சம்பளச் சீட்டு, கட்டண ரசீது எல்லாவற்றையும் பத்திரமாக வைத்திருக்க வேண்டும்.

அதற்காக பாண்டு வெறும் காகிதம் என்று நினைத்துவிடவும் கூடாது. மூன்று ஆண்டுகளுக்குள் வேலையை விட்டால் இரண்டு லட்சம் ரூபாய் தர வேண்டும் என்ற விஜயா வங்கியின் நிபந்தனை செல்லும் என்று 2025 மே மாதம் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. அது படிப்பு விடுப்பு வழக்கல்ல, வேலையில் சேரும்போது போட்ட நிபந்தனை. ஆனாலும் இத்தகைய சரத்து தொழில் உரிமையைத் தடுப்பதாகாது என்ற அந்தத் தீர்ப்பை இனி எல்லா நிறுவனங்களும் எடுத்துக் காட்டும்.

நம் நண்பரின் விஷயத்துக்கு வருவோம். ஒப்பந்தச் சட்டம் 128-வது பிரிவின்படி, பத்திரத்தில் வேறு விதமாக எழுதியிராவிட்டால், ஜாமீன்தாரரின் பொறுப்பும் அசல் நபரின் பொறுப்பும் ஒரே அளவு. "முதலில் அவரிடம் கேளுங்கள், கிடைக்காவிட்டால் என்னிடம் வாருங்கள்" என்று சொல்ல முடியாது. ஜாமீன்தாரரைக் கேட்காமல் நிபந்தனைகளை மாற்றியிருந்தால் 133-வது பிரிவு கைகொடுக்கும். ஆனால் தவணை கொடுத்தாலும் விட்டுப்பிடித்தாலும் ஜாமீன் பொறுப்பு நீங்காது என்று பத்திரத்திலேயே எழுதி வாங்குவதும் உண்டு. நண்பரின் பத்திரத்தில் அந்த வரி இருந்தது.

பணத்தைக் கட்டியபின் அதை அசல் நபரிடமிருந்து திரும்பப் பெற 145-வது பிரிவு உரிமை தருகிறது. நண்பர் இப்போது அவருடைய வெளிநாட்டு முகவரியைத் தேடிக்கொண்டிருக்கிறார்.