கடை டேப்லெட்டில் விளையாட்டுகளை நீக்குதல்: பற்று வரவு போகாமல் இடம் உண்டாக்கும் முறை

மளிகைக் கடைகளில் பில் போடவும் பற்று வரவு எழுதவும் டேப்லெட் வைத்துக்கொள்ளும் வழக்கம் நகரத்தோடு நிற்காமல் சிற்றூர்களுக்கும் வந்துவிட்டது. கள்ளக்குறிச்சி மாவட்டம் சின்னசேலம் வட்டத்தில் இருக்கும் எங்கள் நைனார்பாளையமும் அதற்கு விலக்கல்ல. டேப்லெட் வந்த சில மாதங்களிலேயே "ஸ்டோரேஜ் நிரம்பிவிட்டது" என்ற அறிவிப்பும் வந்துவிடுகிறது. பில் போடுவது மந்தமாகிறது. கூட்டம் நிற்கும் நேரத்தில் திரை அப்படியே நின்றுவிடுகிறது. கடைக் கணக்கு பெருகிவிட்டதுதான் காரணம் என்று நம்மவர் பலர் எண்ணுகிறார்கள். அது தவறு. பெரும்பாலான கடைகளில் இடத்தை அடைத்துக்கொண்டிருப்பவை பிள்ளைகள் ஏற்றிவைத்த விளையாட்டுகளே. அவற்றை நீக்குவது ஐந்து நிமிட வேலை. ஆனால் அந்த ஐந்து நிமிடத்தில் தவறான இடத்தில் விரல் பட்டால் கடன் கணக்கு முழுவதும் போய்விடும் என்பதை நான் பட்டுத் தெரிந்துகொண்டவன்.

2024 பொங்கலுக்கு இரண்டு நாள் முன்பு. வெல்லம், பச்சரிசி, முந்திரி என்று கடை நிறைய ஆட்கள். டேப்லெட்டில் பில் ஏறவில்லை. விளையாட்டு ஒன்றை எடுத்துவிட்டால் சரியாகும் என்று செட்டிங்ஸ் பகுதிக்குள் போனேன். பட்டியலில் விளையாட்டுக்கு அடுத்த வரியில் இருந்த பில் செயலியைத் தொட்டு, "கிளியர் ஸ்டோரேஜ்" என்பதை அழுத்தி, கேட்ட கேள்விக்கு "ஓகே" என்றும் சொல்லிவிட்டேன். மூன்று மாதப் பற்று அந்த ஒரு விநாடியில் போயிற்று. மக்காச்சோளம் விற்றதும் தருகிறேன், மரவள்ளி வெட்டியதும் தருகிறேன் என்று வாங்கிப் போனவர்களின் கணக்கு அது. கல்லாவில் கிடந்த துண்டுச் சீட்டுகளையும் வாடிக்கையாளர்களின் வாய்மொழியையும் வைத்துக்கொண்டு பேரேட்டைத் திரும்ப எழுதினோம். ஒருவர்கூடக் குறைத்துச் சொல்லவில்லை என்று எழுத எனக்கும் ஆசைதான். அப்படி நடக்கவில்லை. எண்ணாயிரம் ரூபாய்க்குச் சற்று மேல் இன்றளவும் வராக்கடன்.

முதலில் அளவைப் பார்ப்போம். பெட்டியின் மேல் 32 ஜிபி என்று அச்சிட்டிருந்தாலும் அத்தனையும் நமக்கு இல்லை. ஆண்ட்ராய்டு அமைப்பும், கம்பெனிக்காரர்கள் முன்னரே ஏற்றி அனுப்பும் செயலிகளும் அதில் பெரும்பங்கை எடுத்துக்கொள்கின்றன. எங்கள் டேப்லெட்டில் அமைப்புக்கு மட்டும் 14 ஜிபி போயிருந்தது. விளையாட்டுகள் 7 ஜிபி. பில் கணக்கு எவ்வளவு? ஒரு பில்லுக்கு 4 கேபி என்று தாராளமாகவே வைத்துக்கொள்வோம். நாளொன்றுக்கு 100 பில் என்றால் 400 கேபி; வருடம் முழுவதும் கடை திறந்தாலும் ஏறத்தாழ 146 எம்பி. துப்பாக்கிச் சண்டை விளையாட்டு ஒன்று 1.5 ஜிபி பிடித்தால், அது நமது பத்து வருடக் கணக்கின் இடம்.

இடம் அறவே தீர்ந்தால்தான் தொல்லை என்பதும் இல்லை. கிடங்கில் கூரை வரை மூட்டை அடுக்கிவிட்டால் புது மூட்டை இறக்க முடியாதது மட்டுமல்ல, உள்ளே இருக்கும் மூட்டையைத் திருப்பி எடுக்கவும் கால் வைக்க இடம் இராது. டேப்லெட்டின் நினைவகமும் அப்படியே. பழையதை ஒரு கட்டாகத் துடைத்த பிறகுதான் அந்த இடத்தில் புதியதை எழுத அதனால் முடியும். அந்தப் புரட்டலுக்குக் காலி இடம் வேண்டும். ஆகவே 32 ஜிபியில் மூன்று நான்கு ஜிபியாவது எப்போதும் காலியாக இருக்கட்டும்.

விளையாட்டில் கை வைக்கும் முன் செய்ய வேண்டியது ஒன்று உண்டு. பில் செயலியின் கணக்கு எங்கே இருக்கிறது என்று தெரிந்துகொள்ளுங்கள். சில செயலிகள் கணக்கை வெளியில் உள்ள சர்வரிலும் எழுதுகின்றன. சில டேப்லெட்டிலேயே வைத்துக்கொள்கின்றன. விற்க வந்த பையன் "எல்லாம் கிளவுடில் இருக்கிறது, பயப்படாதீர்கள்" என்று சொல்லியிருப்பான். சொல்லை நம்ப வேண்டாம், சோதித்துப் பாருங்கள். டேப்லெட்டில் ஒரு ரூபாய்க்கு ஒரு பற்று எழுதுங்கள். பிறகு வேறொரு கைபேசியில் அதே செயலியை ஏற்றி, அதே எண்ணைக் கொடுத்து உள்ளே போங்கள். அந்த ஒரு ரூபாய் அங்கே தெரிந்தால் கணக்கு வெளியிலும் இருக்கிறது. தெரியாவிட்டால் டேப்லெட்டில் மட்டுமே இருக்கிறது என்று கொண்டு, செயலிக்குள் உள்ள "பேக்கப்" வசதியால் ஒரு பிரதி எடுத்து, பென்டிரைவிலோ தமது மின்னஞ்சலிலோ போட்டு வைக்க வேண்டும். பிரதியை அதே டேப்லெட்டில் வைப்பது, பூட்டின் சாவியைப் பெட்டிக்குள் வைத்துப் பூட்டுவதற்குச் சமம். கூகுள் தானாக எடுத்து வைக்கும் பிரதி ஒரு செயலிக்கு 25 எம்பி வரைதான். அதை நம்பிக் கடை நடத்த முடியாது.

ஜிஎஸ்டி பதிவு பெற்றவர்களுக்கு இது கடன் வசூல் மட்டுமல்ல, சட்டமும் கூட. ஆண்டறிக்கை தாக்கல் செய்ய வேண்டிய கெடுவிலிருந்து 72 மாதங்கள் கணக்குகளை வைத்திருக்க வேண்டும் என்கிறது சட்டத்தின் 36-ஆம் பிரிவு. 2023-24 ஆம் ஆண்டுக் கணக்கின் கெடு 2024 டிசம்பர் 31. எனவே அக்கணக்கு 2030 டிசம்பர் 31 வரை நம்மிடம் இருந்தாக வேண்டும். கணினிக் கணக்குக்குப் பிரதி வைத்திருக்க வேண்டும் என்பதும் விதிகளில் உள்ளது. "பிள்ளை விளையாட்டை நீக்கும்போது போய்விட்டது" என்று அதிகாரியிடம் சொல்லிப் பயனில்லை.

பிரதி எடுத்தாயிற்றா? இனி நீக்கலாம். பிளே ஸ்டோரைத் திறந்து, மேல் மூலையில் உள்ள தமது கணக்குப் படத்தைத் தொடுங்கள். "மேனேஜ் ஆப்ஸ் அண்டு டிவைஸ்" என்று வரும். அதில் "மேனேஜ்" பகுதிக்குப் போய், அளவு வாரியாக வரிசைப்படுத்தச் சொன்னால் அதிக இடம் பிடித்தவை மேலே வந்து நிற்கும். வேண்டாதவற்றின் கட்டத்தில் குறியிட்டுக் குப்பைத்தொட்டிப் படத்தைத் தொட்டால் "அன்இன்ஸ்டால்" கேட்கும். பெயரை ஒருமுறை வாய்விட்டுப் படித்த பிறகு சம்மதியுங்கள். நான் அன்று அதைச் செய்யவில்லை.

முகப்புத் திரையில் படத்தை அழுத்திப் பிடித்து இழுத்து நீக்குவோர் உண்டு. அங்கே "ரிமூவ்" என்றும் "அன்இன்ஸ்டால்" என்றும் இரண்டு இருக்கும். ரிமூவ் என்பது கடை வாசலில் உள்ள பெயர்ப்பலகையைக் கழற்றுவது மட்டுமே. உள்ளே சரக்கு அப்படியே கிடக்கும். ஒரு ஜிபிகூடக் குறையவில்லையே என்று குழம்புகிறவர்கள் பெரும்பாலும் இதைத்தான் செய்திருப்பார்கள்.

இன்னும் இரண்டு சொற்களில் எச்சரிக்கை தேவை. "கிளியர் கேச்சி" என்றால் செயலி தன் வசதிக்குச் சேர்த்து வைத்த தற்காலிகக் குப்பையைக் கூட்டித் தள்ளுவது. இதனால் கணக்குக்குக் கேடில்லை. "கிளியர் ஸ்டோரேஜ்" என்றோ "கிளியர் டேட்டா" என்றோ இருந்தால் அந்தச் செயலி வைத்திருக்கும் அனைத்தும் போய், புதிதாக ஏற்றியது போலாகிவிடும். விளையாட்டுக்கு அதைச் செய்யலாம். பில் செயலிக்கு ஒருபோதும் செய்யலாகாது. இரண்டு பொத்தான்களும் ஒரே திரையில் பக்கத்தில் பக்கத்தில் இருக்கின்றன. உப்புச் சாடிக்கும் சோடா உப்புச் சாடிக்கும் ஒரே மூடி போட்டது போல.

யுபிஐ செயலிக்கும் இடம் வேண்டும் என்று அதை நீக்கிவிட்டு மறுபடி ஏற்றாதீர்கள். திரும்ப ஏற்றும்போது வங்கியில் பதிந்த சிம்மிலிருந்து ஒரு குறுஞ்செய்தி போனால்தான் அது இயங்கும். சிம் போட வழியில்லாத வைஃபை டேப்லெட்டில் அது நடவாது.

டேப்லெட்டோடு வந்த சில விளையாட்டுகளுக்கு அன்இன்ஸ்டால் பொத்தானே இராது. அவற்றை "டிஸேபிள்" செய்தால் உறங்கிவிடும். அதே பக்கத்தில் "அன்இன்ஸ்டால் அப்டேட்ஸ்" என்று இருந்தால் பின்னர் ஏறிய கூடுதல் சுமையும் இறங்கும். நண்பர்களிடமிருந்து நேரடியாக வாங்கி ஏற்றிய விளையாட்டின் மூலக் கோப்பு, விளையாட்டை நீக்கிய பிறகும் "டவுன்லோட்ஸ்" அறையில் தங்கியிருக்கும். அதையும் தேடி அழிக்க வேண்டும். டேப்லெட்டில் பிள்ளைக்கெனத் தனிப் பயனர் கணக்கு திறந்து கொடுத்திருந்தால், அந்தக் கணக்கிலும் நீக்கினால்தான் இடம் திரும்பும். நம் பக்கத்தில் மட்டும் நீக்கிவிட்டுக் கணக்குப் பார்த்தால் உதைக்கும்.

செத்துப்போன விளையாட்டுகளும் பழைய டேப்லெட்டுகளில் கிடக்கின்றன. 2020 செப்டம்பர் 2 அன்று மத்திய அரசு 118 செயலிகளைத் தடை செய்தபோது பப்ஜி மொபைலும் அதில் இருந்தது. அதே ஆண்டு அக்டோபர் 30-உடன் இந்தியாவில் அதன் சேவை நின்றது. இயங்காத அதன் படம் திரையில் இருந்தால் அது சுமை மட்டுமே. 2025 ஆகஸ்டில் நாடாளுமன்றம் ஆன்லைன் விளையாட்டுச் சட்டத்தை நிறைவேற்றியதும் பணம் கட்டி ஆடும் ஆட்டங்களைப் பல நிறுவனங்கள் நிறுத்தின. அத்தகைய செயலி ஏதும் இருந்தால், அதில் தங்கிய தொகை உண்டா என்று பார்த்து, வங்கிக்கு மாற்றிக்கொண்ட பிறகு நீக்குங்கள். கடை டேப்லெட்டில் அதை ஏற்றியது யார் என்ற விசாரணை தனி.

பிள்ளைகளிடம் ஒரு வார்த்தை சொல்லிவிட்டு நீக்குவது நல்லது என்பேன். பள்ளி விட்டு வந்து இரவு கடை அடைக்கும் வரை கல்லா அருகில் உட்கார்ந்திருக்கும் பையனுக்கு அந்த டேப்லெட்தான் விளையாட்டு மைதானம். எது தேவை, எது பழசு என்பது நம்மைவிட அவனுக்கே நன்றாகத் தெரியும். என் மகனிடம் கேட்டபோது பதினொன்றில் எட்டை அவனே நீக்கிக் கொடுத்தான். விளையாட்டைத் தமது கணக்குடன் இணைத்திருந்தால், எட்டிய கட்டம் வீட்டுக் கைபேசியில் மீண்டும் கிடைக்கும்; அதைச் சொன்னால் சண்டையும் வராது. பிறகு பிளே ஸ்டோர் செட்டிங்ஸில் ஒவ்வொரு கொள்முதலுக்கும் கடவுச்சொல் கேட்கும்படி வைத்துவிடுங்கள்.

விளையாட்டை எடுத்தும் இடம் போதாவிட்டால் வாட்ஸ்அப்பைப் பாருங்கள். அதன் செட்டிங்ஸில் "மேனேஜ் ஸ்டோரேஜ்" என்ற இடத்தில் பெரிய வீடியோக்கள் அளவோடு வரிசையாக நிற்கும். மொத்த வியாபாரி அனுப்பிய விலைப்பட்டியல், பில் படம் ஆகியவற்றை விட்டுவிட்டுக் காலை வணக்கங்களை அழித்தால் போதும்.

"அண்ணே, ரீசெட் அடித்துவிடலாம், புதுசு மாதிரி ஆகிவிடும்" என்று செல்போன் கடைத் தம்பி சொன்னால் சட்டென்று தலையாட்டாதீர்கள். ரீசெட் செய்தால் விளையாட்டோடு கணக்கும் போகும். பட்டன்களை அழுத்திப் பிடித்து வெளியிலிருந்து ரீசெட் செய்தால், முன்பு அதில் இருந்த கூகுள் கணக்கின் கடவுச்சொல்லைக் கேட்டு டேப்லெட் பூட்டிக்கொள்ளும். நம் கடைகளில் பலவற்றில் அந்தக் கணக்கை உண்டாக்கியவர் டேப்லெட்டை விற்க வந்த ஆள். கடவுச்சொல் அவரோடு போயிற்று. அது தமக்குத் தெரியுமா என்று இன்றே பார்த்து, கடன் நோட்டின் கடைசிப் பக்கத்தில் அல்லாமல் வீட்டில் ஓரிடத்தில் எழுதி வையுங்கள்.

கடைசியாக, பணம் சம்பந்தப்பட்டது. மாதச் சந்தா கட்டும் விளையாட்டை நீக்கினாலும் சந்தா நிற்பதில்லை. பிளே ஸ்டோரில் கணக்குப் படத்தைத் தொட்டு, "பேமென்ட்ஸ் அண்டு சப்ஸ்கிரிப்ஷன்ஸ்" பகுதியில் அதைத் தனியாக ரத்து செய்ய வேண்டும். யுபிஐ செயலியில் "ஆட்டோபே" என்ற பட்டியலையும் திறந்து பாருங்கள். ரிசர்வ் வங்கி விதிப்படி 15,000 ரூபாய் வரையிலான தொடர் பற்றுகளுக்கு, முதலில் ஒருமுறை சம்மதம் கொடுத்தாயிற்றென்றால் பின்னர் ஒவ்வொரு முறையும் ஓடிபி கேட்க வேண்டியதில்லை. பிடிக்கும் முன் ஒரு குறுஞ்செய்தி வரும். கடை நேரத்தில் அதைப் படிப்பவர் எத்தனை பேர்? எங்கள் பட்டியலில் மாதம் 89 ரூபாய் என்று ஒன்று இருந்தது. விளையாட்டை நீக்கி ஏழு மாதம் ஆகியிருந்தது.