ஜண்டாப்பூரில் நிறைவுற்ற நாடகம்: சப்தர் ஹஷ்மியின் கொலையும் வீதிநாடக ஆக்கமுறையும்

முன்னுரை

1819 மார்ச் 23இல் மான்ஹைம் நகரில், ஜெர்மானிய நாடகாசிரியர் அவுகுஸ்ட் ஃபான் கோட்சபூவைக் கார்ல் சாண்ட் என்னும் மாணவர் குத்திக் கொன்றார். 200க்கும் மேற்பட்ட நாடகங்களை எழுதிய கோட்சபூ, மாணவர் சங்கங்களை எள்ளி எழுதியமையாலும் ருசிய ஒற்றர் எனக் கருதப்பட்டமையாலும் பகைக்கு ஆளானார். அக்கொலையைக் காரணங்காட்டி அவ்வாண்டே பிறப்பிக்கப்பட்ட கார்ல்ஸ்பாத் ஆணைகள் பத்திரிகைகளையும் பல்கலைக்கழகங்களையும் ஒடுக்கின. ஒருவரைக் கொன்றதன் விளைவாகப் பலரது குரல் அடங்கியது. சப்தர் ஹஷ்மியின் (1954–1989) கொலை இதற்கு மாறான விளைவைத் தந்தது. வீதிநாடகத்தின் ஆக்கமுறை அதற்கு அடிப்படையாக அமைந்ததை இக்கட்டுரை ஆராய்கிறது.

ஆக்கமுறை

தில்லியில் பிறந்த ஹஷ்மி ஆங்கில இலக்கியம் பயின்று கல்லூரி ஆசிரியராகவும் பணியாற்றியவர்; 1973இல் உருவான ஜன நாட்டிய மஞ்ச் குழுவின் நிறுவனர்களுள் ஒருவர். 1978இல் அக்குழு நிகழ்த்திய 'மெஷின்' ஏறத்தாழ 13 நிமிட நாடகம். மிதிவண்டி நிறுத்துமிடமும் தேநீர்க்கடையும் கேட்ட தொழிலாளர்மீது நிகழ்ந்த துப்பாக்கிச் சூடே அதன் கரு. அரங்கப் பொருள் எதுவுமின்றி நடிகர்கள் தம் உடல்களாலேயே இயந்திரத்தை உருவாக்கினர். இங்ஙனம் பனுவல் ஆசிரியரின் கையெழுத்துப்படியில் மட்டும் தங்காமல், நடிகர்தம் உடலிலும் நினைவிலும் பதிந்தது.

கொலையும் மறுநிகழ்வும்

1989 சனவரி 1இல் சாகிபாபாத் தொழிற்பகுதியைச் சேர்ந்த ஜண்டாப்பூரில் 'ஹல்லா போல்' நாடகம் நடந்துகொண்டிருந்தது. 1988 நவம்பரில் தலைநகர்ப் பகுதித் தொழிலாளர் மேற்கொண்ட ஏழு நாள் வேலைநிறுத்தத்தை ஒட்டியது அந்நாடகம். உள்ளாட்சித் தேர்தல் நேரம் அது. ஆயுதம் தாங்கிய அரசியல் கும்பல் தாக்கியதில் ராம் பகதூர் என்னும் தொழிலாளி சுடப்பட்டு இறந்தார். தலையில் கடுங்காயமுற்ற ஹஷ்மி மறுநாள் உயிர்நீத்தார். சனவரி 4இல் அவர் மனைவி மலயஸ்ரீயும் குழுவினரும் அதே இடத்தில் அந்நாடகத்தை முழுமையாக நிகழ்த்தினர். கொலையாளிகளுக்குத் தண்டனை கிட்டியதோ 2003இல்தான்.

முடிவுரை

மான்ஹைமில் கொலைக்கு விடையளித்தது அரசு; ஜண்டாப்பூரில் விடையளித்தவர்கள் நடிகரும் பார்வையாளரும். மலயஸ்ரீயின் துணிவின்றி அம்மறுநிகழ்வு இல்லை. எனினும் பனுவல் குழுவின் பொதுவுடைமையாக இருந்தமையே அதனை மூன்றே நாள்களில் இயல்வதாக்கியது. ஹஷ்மி பிறந்த ஏப்ரல் 12 இன்று தேசிய வீதிநாடக நாளாகக் கொண்டாடப்படுகிறது. பொன்னேரி, கும்மிடிப்பூண்டி போன்ற தொழிற்பேட்டை வட்டாரங்களில் வீதிநாடகத்தை ஆராய்வோர், எழுதியவர் யார் என்பதோடு, அந்நாடகம் யாருடைய நினைவில் வாழ்கிறது என்பதையும் பதிவுசெய்தல் வேண்டும்.