கீரைப் பாத்தியில் பக்கத்துச் செடி எது?

ஜொகூரில் கீரை போட நினைப்பவர்களுக்கு நான் முதலில் சொல்வது: ஒரே குடும்பத்துக் கீரைகளை அடுத்தடுத்து நடாதீர்கள். குளுவாங்கில் வீட்டுக்குப் பின்னால் பல வருடங்களாகப் பாத்தி கட்டிக் கற்றுக்கொண்டதில் இதற்கே முதலிடம்.

சாவிக் கீரையும் கைலானும் கடுகுக் குடும்பம். இரண்டும் பக்கத்தில் இருந்தால், தொட்டதும் தத்தி ஓடும் சின்னக் கருவண்டு இலையெல்லாம் துளை போடும். தண்டுக்கீரை, சிறுகீரை, பொன்னாங்கண்ணி மூன்றும் இன்னொரு குடும்பம். இலையைச் சுருட்டி உள்ளிருந்து தின்னும் பச்சைப்புழு இவை எல்லாவற்றிலும் பரவும். அதனால் ஒரு வரிசை சாவி, ஒரு வரிசை தண்டுக்கீரை என்று மாற்றிப் போடுகிறேன். துளை அடியோடு நிற்காது, ஆனால் நன்றாகக் குறையும். அமெரிக்கச் சூழலியலாளர் ரிச்சர்ட் ரூட் 1973இல் வெளியிட்ட ஆய்வும் இதற்குத் துணை நிற்கிறது. கோஸ் இனக் கீரை தனியாக வளர்ந்த இடத்தில் இந்த வகை வண்டு அதிகம். மற்ற செடிகள் சூழ வளர்ந்த இடத்தில் குறைவு.

பாத்தியின் மேற்கு ஓரத்தில் பயத்தங்காய்க்குப் பந்தல் போடுங்கள். பிற்பகல் வெயிலில் வாடும் சாவிக்கு நிழல் கிடைக்கும். தண்டுக்கீரைக்கு முழு வெயில் வேண்டும், அதைப் பந்தலை விட்டுத் தள்ளி விதையுங்கள். பயத்தங்காயின் வேர்முடிச்சுகள் காற்றிலுள்ள நைட்ரஜனைச் சேர்த்து வைக்கும். செடி உயிரோடு இருக்கையில் பக்கத்துக் கீரைக்கு அதில் கொஞ்சமே கிடைக்கும். காய்த்து ஓய்ந்ததும் கொடியைப் பிடுங்காமல் அடியில் வெட்டி, வேரை மண்ணிலேயே மக்க விடுங்கள். அடுத்த கீரையை அங்கேயே விதைக்கலாம்.

செண்டுமல்லி வேரைத் தாக்கும் நூற்புழுவைக் குறைக்கும். ஓரத்தில் இரண்டு செடி வைத்தால் போதாது. பாத்தி முழுக்க நெருக்கமாக இரண்டு மாதம் வளர்த்து, மண்ணோடு கொத்திவிட்ட பிறகு கீரை போட வேண்டும்.

நவம்பர் முதல் மார்ச் வரையிலான மழைக்காலத்தில் நெருக்கி நடுவது ஆபத்து. இலை ஈரம் காயாமல் அழுகும். பாத்தியை ஒரு சாண் உயர்த்தி, வரிசைகளுக்கு நடுவே காற்று போக இடம் விடுங்கள். தண்ணீர் தேங்கும் பள்ளத்தில் காங்கோங் தாராளமாக வளரும்.

விதை வாங்கும் முன் பாத்தியை ஒரு தாளில் வரைந்து பெயர்களை எழுதுங்கள். அடுத்தடுத்த இரண்டும் ஒரே குடும்பமாக இருந்தால் மாற்றி எழுதுங்கள். பூச்சி மருந்தை நம்பாமல் கீரை பறிக்க இதுவே முதல் வேலை.